352-ஆவது காலாட்படை டிவிஷன்: ஒமாஹாவில் பெயர் பெற்று, பிறந்த ஒன்பதே மாதங்களில் அழிந்த படை

கேள்வி இதுதான்: நேச நாடுகள் பிரான்சில் தரையிறங்கிய 1944 ஜூன் 6 அன்று ஒமாஹா கடற்கரையில் அமெரிக்கர்களைத் தடுத்து நின்ற ஜெர்மானிய 352-ஆவது காலாட்படை டிவிஷன், ரஷ்யப் போர்முனையில் புடம்போடப்பட்ட தேர்ந்த படை என்றும், ஏதோ ஒரு போர்ப் பயிற்சிக்காகத் தற்செயலாக அன்று கடற்கரைக்கு வந்திருந்தது என்றும் சொல்லப்படுகிறதே, அது உண்மையா? அந்தப் படை பின்னர் என்ன ஆயிற்று?

பயிற்சிக்கு வந்த படை என்ற பகுதி முற்றிலும் தவறு. தேர்ந்த படை என்ற பகுதியில் கால்வாசி உண்மை இருக்கிறது. மீதி, அன்று காலை கரையில் பட்ட பெரும் இழப்புக்கு ஒரு காரணம் தேடியவர்கள் பின்னால் சேர்த்துக்கொண்டது. இரண்டையும் விளங்கிக்கொள்ள வேண்டுமானால் இந்த டிவிஷன் எப்படிப் பிறந்தது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

1943 கோடையில் கூர்ஸ்க் தாக்குதல் தோற்றுப்போன பிறகு, கிழக்குப் போர்முனையில் ஜெர்மானியப் படை பின்வாங்கியபடியே இருந்தது. பல டிவிஷன்கள் பெயரளவில் மட்டுமே டிவிஷன்களாக மிஞ்சின. அவற்றுக்கு ஆள் சேர்த்து நிரப்புவதற்குப் பதிலாக, சிதைந்தவற்றைக் கலைத்துவிட்டு, எஞ்சிய அதிகாரிகளையும் அனுபவமுள்ள கீழ்நிலைத் தலைவர்களையும் வேறிடத்துக்குக் கொண்டுபோய், அவர்களைச் சுற்றிப் புதிய இளைஞர்களைச் சேர்த்துப் புதிய எண்ணில் ஒரு டிவிஷனை உருவாக்குவது ஜெர்மானியத் தலைமைக்குப் பிடித்தமான வழக்கமாகிவிட்டிருந்தது. வரைபடத்தில் குத்தி வைக்கும் கொடிகளின் எண்ணிக்கை அதனால் குறையாமல் இருந்தது. கொடிக்குக் கீழே நின்ற ஆட்களின் எண்ணிக்கை வேறு கதை. அப்படிக் கலைக்கப்பட்ட 321-ஆவது காலாட்படை டிவிஷனின் எச்சத்தை முதன்மையான கருவாகக் கொண்டு, 1943 நவம்பரில், பிரான்சின் நார்மண்டி பகுதியிலுள்ள சேன்-லோ நகரில் 352-ஆவது டிவிஷன் உருவாயிற்று.

தலைவராக வந்தவர் ஜெனரல் டீட்ரிஷ் க்ரைஸ். 1889-இல் பிறந்தவர், முதல் உலகப் போரையும் கண்டவர், கிழக்கில் 168-ஆவது டிவிஷனுக்குத் தலைமை தாங்கியவர். நடவடிக்கைகளைத் திட்டமிடும் அதிகாரி ஃப்ரிட்ஸ் ஸீகல்மான். போருக்குப் பின் அமெரிக்கர்களிடம் கைதியாக இருந்தபோது இவர் எழுதிக் கொடுத்த அறிக்கைகளும், அவற்றில் இடம்பெற்ற தரையிறக்க நாளின் தொலைபேசிக் குறிப்புகளும்தான் இந்த டிவிஷனைப் பற்றி இன்று நமக்குத் தெரிந்தவற்றில் பெரும்பகுதிக்கு அடிப்படை. தோற்ற தரப்பின் அதிகாரி நினைவிலிருந்து எழுதியவை என்பதை மறக்காமல் அவற்றைப் படிக்க வேண்டும். ஆனாலும் அவற்றைத் தவிர்த்துவிட்டு இந்த வரலாற்றை எழுத முடியாது.

914, 915, 916 என்று மூன்று கிரனடியர் (காலாட்படை) ரெஜிமென்ட்கள், ஒரு பீரங்கி ரெஜிமென்ட், ஒரு ஃபியூசிலியர் (வேவுக்கும் பயன்படும் காலாட்படை) பட்டாலியன், டாங்கி எதிர்ப்புப் பிரிவு, பொறியாளர் பிரிவு என்பது அதன் அமைப்பு. முந்தைய ஜெர்மானிய டிவிஷன்களில் ஒரு ரெஜிமென்டுக்கு மூன்று பட்டாலியன்கள் இருக்கும். 1944-க்கென வகுக்கப்பட்ட புதிய அமைப்பில் இரண்டுதான். ஆகவே காலாட்படை பட்டாலியன்கள் ஃபியூசிலியரையும் சேர்த்து மொத்தம் ஏழு. மொத்த ஆள்பலம் 12,000-ஐச் சற்றுத் தாண்டியது. அதில் ரஷ்யப் போர்க் கைதிகளிலிருந்து சேர்க்கப்பட்ட துணைப் பணியாளர்கள் ஏறத்தாழ 1,500 பேர். அந்தக் காலத்து மேற்குப் போர்முனை அளவுகோலில் இது நல்ல நிலைமைதான். பக்கத்தில் கடற்கரையைக் காத்துவந்த 716-ஆவது டிவிஷன் வயது முதிர்ந்தவர்களும் உடல்நலம் குன்றியவர்களும் நிறைந்த, வண்டி வசதி ஏதுமில்லாத, இருந்த இடத்திலேயே இருக்க வேண்டிய படை. அதனோடு ஒப்பிட்டுத்தான் 352-ஐ ‘முதல்தரம்’ என்று அமெரிக்க அறிக்கைகள் எழுதின. அந்த ஒப்பீட்டை மறந்துவிட்டுச் சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டதால் ‘தேர்ந்த படை’ என்ற பெயர் நிலைத்துவிட்டது.

உள்ளே பார்த்தால் நிலைமை வேறு. தலைவர்களில் பலர் ரஷ்யாவைப் பார்த்தவர்கள் என்பது உண்மை. சாதாரணப் படைவீரர்களில் பெரும்பாலோர் பதினேழு, பதினெட்டு வயதுப் பையன்கள். வெடிமருந்துக்கும் எரிபொருளுக்கும் பயிற்றுநர்களுக்கும் பஞ்சம். 1944 மார்ச் வரை ஒவ்வொரு வீரனும் எறிந்து பழகியது இரண்டே கையெறி குண்டுகள், உண்மைத் தோட்டாவுடன் சுட்டுப் பழகியது மூன்றே முறை என்று கணக்கு சொல்கிறது. அதற்குப் பிறகாவது பயிற்சி கூடியதா என்றால், இல்லை. அந்த மார்ச் மாதத்தில்தான் டிவிஷனைக் கடற்கரைக்கு நகர்த்தும்படி உத்தரவு வந்தது.

கரையிலேயே எதிரியை முறியடிக்க வேண்டும், உள்ளே விட்டால் நேச நாடுகளின் விமானங்கள் ஜெர்மானியப் படைகளை நகரவே விடாது என்பது கடற்கரைக் காவலுக்குப் பொறுப்பான ஜெர்மானியத் தளபதி ரோமெலின் உறுதியான எண்ணம். மேற்கின் தலைமைத் தளபதி ருன்ட்ஷ்டெட்டோ, சேமப் படைகளைப் பின்னால் திரட்டி வைத்துப் பெரிதாகத் திருப்பி அடிக்க வேண்டும் என்று எண்ணினார். டாங்கிப் படைகளைப் பற்றிய இந்த இழுபறி முடிவுக்கு வரவேயில்லை. காலாட்படையைப் பொறுத்தவரை ரோமெல் வென்றார். 352-ஆவது டிவிஷன் சேன்-லோவிலிருந்து முன்னே வந்து, வீர் ஆற்றின் முகத்துவாரத்திலிருந்து கிழக்கே அஸ்னெல் வரை ஏறத்தாழ 53 கிலோமீட்டர் நீளமுள்ள பகுதியை ஏற்றுக்கொண்டது. அங்கே ஏற்கனவே இருந்த 716-ஆவது டிவிஷனின் 726-ஆவது ரெஜிமென்டும் இதன் பொறுப்பில் வந்தது. நாள்தோறும் ஒன்பது மணி நேரம் வரை மரம் வெட்டுவதும், அலைவாய்க் கரையில் கம்பங்கள் நடுவதும், குழி தோண்டுவதும்தான் வேலை. படைப்பயிற்சி அதற்குப் பிறகு மிஞ்சிய நேரத்தில்.

இந்த இடமாற்றத்தை நேச நாடுகளின் உளவுப் பிரிவு சரியாகக் கணிக்கவில்லை. 352 சேன்-லோவைச் சுற்றித்தான் இருக்கிறது, தேவைப்பட்டால் எதிர்த்தாக்குதலுக்கு வரும், கரையில் 716-இன் நலிந்த ஒரு பட்டாலியனோ சற்று மேலோதான் இருக்கும் என்பது அவர்களுடைய கணிப்பு. அது முன்னே வந்திருக்கக்கூடும் என்ற ஐயம் ஜூன் தொடக்கத்தில்தான் எழுந்தது. அப்போது படைவீரர்கள் கப்பல்களில் ஏற்றப்பட்டுவிட்டார்கள். இரண்டரை மாதங்களாக அங்கே குடியிருந்த படையைக் காணாமல் விட்டோம் என்று சொல்வதைவிட, அது அன்றுதான் பயிற்சிக்கு வந்தது என்று சொல்வது எளிதாக இருந்திருக்க வேண்டும். போர்க்களத்தில் பரவிய அந்தக் கதை எழுபது எண்பது ஆண்டுகளாகியும் சாகவில்லை.

ஆனால் ஒமாஹாவில் முழு 352-ஆவது டிவிஷனும் நின்றது என்று எண்ணுவதும் அதே அளவு பிழை. க்ரைஸின் பொறுப்பிலிருந்த 53 கிலோமீட்டரில் ஒமாஹா ஏறத்தாழ எட்டு கிலோமீட்டர். வீர் முகத்துவாரத்தை 914-ஆவது ரெஜிமென்ட் பார்த்துக்கொண்டது. 915-ஆவது ரெஜிமென்ட், மேலுள்ள கோரின் (பல டிவிஷன்கள் சேர்ந்த படையின்) தளபதி எரிஷ் மார்க்ஸின் சேமப் படையாக பாயூ நகருக்குத் தெற்கே நிறுத்தப்பட்டிருந்தது. ஒமாஹாவின் முன்வரிசைப் பதுங்கு நிலைகளில் இருந்தவர்கள் 916-ஆவது ரெஜிமென்டின் சில கம்பெனிகளும், 716-இலிருந்து வந்த 726-இன் சில கம்பெனிகளும்தான். எல்லோரையும் கூட்டினாலும் முன்வரிசையில் இரண்டு பட்டாலியனுக்கு மேல் தேறாது. இரண்டாவது வரிசை என்று சொல்லத்தக்கதாக எதுவும் இல்லை.

அப்படியிருந்தும் அன்று காலை அமெரிக்கர்கள் பட்ட பாடு எதனால்? முதற்காரணம் நிலம். பிறை வடிவில் உட்குழிந்த கரை. அதன் பின்னால் முப்பது முதல் ஐம்பது மீட்டர் உயரமுள்ள மேட்டுச் சரிவு. அந்தச் சரிவை ஊடறுத்து உள்நாட்டுக்குப் போகும் ஐந்து குறுகிய பள்ளத்தாக்குகள். வண்டிகள் ஏற வேண்டுமானால் அந்த ஐந்து வழிகள்தான். ஒவ்வொரு வழிவாயிலையும் இருபுறமும் அணைத்தபடி ஜெர்மானியர்கள் சுமார் 15 காவல் நிலைகளை அமைத்திருந்தார்கள். அவற்றின் முக்கியமான பீரங்கிகள் கடலை நோக்கி அல்லாமல், கரையின் நெடுகே பக்கவாட்டில் சுடும்படி வைக்கப்பட்டிருந்தன. கடலின் பக்கம் தடித்த கான்கிரீட் சுவர் மறைத்துக்கொண்டதால் கப்பல்களுக்கு அவை புலப்படவில்லை.

இரண்டாவது காரணம் குண்டுவீச்சு தவறியது. முந்நூறுக்கு மேற்பட்ட லிபரேட்டர் குண்டுவீச்சு விமானங்கள் அந்தக் கரைக்காக ஒதுக்கப்பட்டிருந்தன. மேகம் மூடியிருந்ததால், நெருங்கிவரும் சொந்தப் படகுகள் மேல் குண்டு விழுந்துவிடக் கூடாது என்று சில நொடிகள் தாமதித்துப் போட்டார்கள்; குண்டுகள் காவல் நிலைகளைத் தாண்டி உள்நாட்டு வயல்களில் விழுந்தன. 741-ஆவது டாங்கி பட்டாலியன் கடலில் இறக்கிய 29 மிதவை டாங்கிகளில் 27 மூழ்கின. இவை எதுவும் 352-இன் திறமையால் நடந்தவை அல்ல. 6:30 மணியளவில் படகுகளின் முன்கதவு திறந்தபோது, அடிபடாத எதிரிக்கு நேராக, துணையில்லாத காலாட்படை இறங்கிற்று.

இங்கே ஹைன்ரிஷ் செவர்லோவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், ஏனெனில் 352 என்றதும் பலர் அவரைத்தான் கேட்கிறார்கள். பீரங்கி ரெஜிமென்டைச் சேர்ந்த இவர், இலக்கு காட்டும் அதிகாரியான லெப்டினன்ட் ஃப்ரெர்கிங்குடன் கொல்வில் பக்கமுள்ள 62-ஆம் காவல் நிலையில் இருந்தார். அன்று காலை முதல் பிற்பகல் வரை இயந்திரத் துப்பாக்கியால் சுட்டுக்கொண்டே இருந்தார். ஃப்ரெர்கிங் அன்றே இறந்தார். இவ்வளவும் ஏற்கத்தக்கது. தாம் மட்டுமே ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களை வீழ்த்தியதாக அவர் முதுமையில் சொன்ன கணக்கு ஏற்கத்தக்கதல்ல. ஒமாஹா முழுவதிலும் அமெரிக்கர்களின் இழப்பு, இறந்தோர், காயமுற்றோர், காணாமற்போனோர் மூவரையும் சேர்த்து, அன்றைய கணக்குப்படி 2,400 அளவில்தான். பிற்காலக் கணக்குகள் அதை உயர்த்தினாலும், எட்டு கிலோமீட்டரில் பல பீரங்கிகளும் பல இயந்திரத் துப்பாக்கிகளும் மோர்ட்டர்களும் சேர்ந்து விளைவித்த இழப்பை ஒரே துப்பாக்கியின் கணக்கில் எழுத இடமில்லை.

டிவிஷனின் தலைவிதியைத் தீர்மானித்தது கரையில் நடந்ததைவிட, கரைக்குப் பின்னால் 915-ஆவது ரெஜிமென்ட் அலைந்த அலைச்சல்தான் என்பது என் கருத்து. நள்ளிரவுக்குப் பின் பாராசூட் வீரர்கள் இறங்குவதாகச் செய்திகள் குவிந்தன. அவற்றில் உண்மையானவையும் இருந்தன; ஏமாற்றுவதற்காகப் போடப்பட்ட பொம்மைகளும் இருந்தன. அதிகாலை 3 மணிக்குச் சற்றுப் பிறகு, மார்க்ஸ் தம் சேமப் படையை மேற்கே வீர் முகத்துவாரத்தை நோக்கி அனுப்பினார். கார்ல் மையர் தலைமையில் 915-உம் ஃபியூசிலியர் பட்டாலியனும் மிதிவண்டிகளிலும் பழைய பிரெஞ்சு லாரிகளிலும் கிளம்பின. விடியும் நேரத்தில் ‘நில்’ என்றார்கள். காலை 7:35-க்கு, அதிலிருந்து ஒரு பட்டாலியனைக் கொல்விலுக்கு, அதாவது ஒமாஹாவின் கிழக்குப் பக்கத்துக்கு, அனுப்பச் சொன்னார்கள். ஒரு மணி நேரம் கழித்து, எஞ்சிய படையைக் கிழக்கே திருப்பி, கோல்டு கடற்கரையில் இறங்கிய பிரிட்டிஷ் படை மீது க்ரெப்போன் திசையில் தாக்கும்படி உத்தரவு. காலையில் மேற்கே போன அதே சாலைகளில், இப்போது விமானங்கள் தலைக்கு மேல் சுற்ற, அவர்கள் திரும்பி வந்தார்கள். பிற்பகலில் பாஸான்வில் அருகே பிரிட்டிஷ் டாங்கிகளோடு மோதியபோது படை ஒழுங்கு குலைந்திருந்தது. மையர் கொல்லப்பட்டார், அந்தப் பகுதியின் காவல் அமைப்பைக் காட்டும் அவருடைய வரைபடங்கள் பிரிட்டிஷார் கையில் சிக்கின.

இதற்காக க்ரைஸைக் குறை கூறுவோர் உண்டு. காலையில் ஒமாஹாவைப் பார்த்திருந்த நிலையிலிருந்து வந்த செய்தி நம்பிக்கையூட்டுவதாக இருந்தது: படகுகள் எரிகின்றன, இறங்கியவர்கள் தடைகளுக்குப் பின்னால் ஒளிந்திருக்கிறார்கள், தரையிறக்கம் தடுக்கப்பட்டுவிட்டது. லித்ரியிலிருந்த தலைமையிடத்தில் அதைக் கேட்டவர்கள், ஒமாஹாவைவிட கோல்டு பக்கம்தான் ஆபத்து என்று முடிவு செய்தார்கள். கோல்டில் 716-இன் முன்வரிசை உண்மையாகவே உடைந்துபோயிருந்ததால் அந்த முடிவு அறிவற்றது என்று சொல்ல முடியாது. ஆனால் ஒரே ரெஜிமென்டைச் சேமப் படையாக வைத்துக்கொண்டு, அதையும் விடியுமுன்னே தவறான திசையில் அனுப்பிவிட்ட பிறகு, எந்தப் பக்கம் திருப்பினாலும் மறுபக்கம் திறந்துகிடக்கும்.

ஒமாஹாவில் அந்த மறுபக்கம் திறந்தது. பள்ளத்தாக்கு வாய்களில் அடிபட்ட அமெரிக்கர்கள், அவற்றை விட்டுவிட்டு இரண்டு காவல் நிலைகளுக்கு இடைப்பட்ட சரிவுகளில் சிறு சிறு குழுக்களாக ஏறினார்கள். அழிப்புக் கப்பல்கள் தரைதட்டும் அபாயத்தையும் பொருட்படுத்தாமல் ஆயிரம் கஜத்துக்குள் வந்து காவல் நிலைகளை ஒவ்வொன்றாகச் சுட்டன. நண்பகலுக்குப் பிறகு ஜெர்மானியப் பீரங்கிகளுக்குக் குண்டு தீரத் தொடங்கிற்று. புதிதாகக் கொண்டுவரச் சாலைகளில் வழியில்லை. மாலைக்குள் வியர்வில், சேன் லோரான், கொல்வில் ஆகிய ஊர்களை அமெரிக்கர்கள் எட்டிவிட்டார்கள். அன்று ஒரே நாளில் டிவிஷன் இழந்தது ஏறத்தாழ 1,200 பேர். மொத்த ஆள்பலத்தில் இது பத்தில் ஒன்று; சண்டை போடும் காலாட்படையின் கணக்கில் பார்த்தால் அதைவிட மிகப் பெரிய பங்கு. மேற்கே புவாந்த் து ஹோக் பாறைமுனையில் ஏறிவிட்ட ரேஞ்சர்களை (அமெரிக்கச் சிறப்புப் படையினரை) 914-ஆவது ரெஜிமென்ட் இரண்டு நாள் திரும்பத் திரும்பத் தாக்கியும் அகற்ற முடியவில்லை.

அடுத்த நாட்களில் ஓர் அரிய வாய்ப்பு வந்தது. வீர் முகத்துவாரத்தில் ஒதுங்கிய ஒரு தரையிறங்கு படகில், அமெரிக்க ஐந்தாவது கோரின் நடவடிக்கைத் திட்டம் முழுவதும் 352-இன் வீரர்கள் கையில் கிடைத்தது. எந்தப் படை எந்த நாளில் எங்கே இருக்க வேண்டும் என்ற விவரமெல்லாம் அதில் இருந்ததாக ஸீகல்மான் எழுதுகிறார். மையரின் வரைபடங்களுக்கு இது ஈடுதான். ஆனால் திட்டம் தெரிந்தாலும் அதை முறியடிக்க அனுப்புவதற்குப் படை வேண்டுமே. ஜூன் 7-இல் பாயூ பிரிட்டிஷாரிடம் வீழ்ந்தது. 8-ஆம் தேதி இரவு அமெரிக்க 29-ஆவது டிவிஷன் இசினியில் நுழைந்தது. இரு பக்கமும் வளைக்கப்படும் நிலையில் க்ரைஸ் தெற்கே பின்வாங்கினார். கோர் தளபதி மார்க்ஸ் ஜூன் 12 அன்று விமானத் தாக்குதலில் கொல்லப்பட்டார்.

அதன் பின் நடந்த ஆறு வாரச் சண்டையைப் பலர் ஓரிரு வரிகளில் கடந்துவிடுகிறார்கள். இந்த டிவிஷன் உண்மையில் தன் திறமையைக் காட்டியது அங்கேதான் என்பேன். சேன்-லோவுக்கு வடக்கே உள்ள நாடு, ஆளுயர மண்கரைகளின் மேல் அடர்ந்த புதர்வேலிகள் வளர்ந்து, சின்னஞ்சிறு வயல்களாகப் பிரிக்கப்பட்ட நாடு. ஒவ்வொரு வயலும் ஒரு கோட்டை போன்றது. மூலையில் ஓர் இயந்திரத் துப்பாக்கியும் பின்னால் ஒரு மோர்ட்டரும் இருந்தால் ஒரு கம்பெனியையே ஒரு நாள் முழுவதும் நிறுத்திவிடலாம். கரையில் எதிர்கொண்ட அதே 29-ஆவது டிவிஷனோடுதான் பெரும்பாலும் இங்கேயும் மோதல். ரெஜிமென்ட்கள் பெயருக்கு இருந்தன. உள்ளே வேறு டிவிஷன்களின் உதிரிகளும், பின்வரிசை எழுத்தர்களும், பொறியாளர்களும் கலந்து நிரப்பப்பட்டார்கள். டிவிஷன், மைண்டலின் இரண்டாவது பாராசூட் கோருக்குக் கீழே வைக்கப்பட்டது. ஜூலை 11-இல் தொடங்கிய பெருந்தாக்குதலுக்குப் பின் ஜூலை 18 அன்று அமெரிக்கர்கள் சேன்-லோவில் நுழைந்தார்கள். எட்டு மாதங்களுக்கு முன் இந்த டிவிஷன் பிறந்த நகரம் அப்போது கற்குவியலாகக் கிடந்தது. அதன் அழிவு ஜூன் 6 இரவிலேயே நேச நாடுகளின் குண்டுவீச்சில் தொடங்கிவிட்டது. அந்த இரவில் மட்டும் நூற்றுக்கணக்கான நகரவாசிகள் இறந்தார்கள்.

ஜூலை 25-இல் அமெரிக்கர்களின் ‘கோப்ரா’ தாக்குதல் சேன்-லோவுக்கு மேற்கே ஜெர்மானிய அணியை உடைத்தபோது 352 என்ற பெயரில் மிஞ்சியிருந்தது ஒரு சிறு சண்டைக் குழு மட்டுமே. ஆகஸ்ட் தொடக்கத்தில் க்ரைஸ் படுகாயமுற்று, 6-ஆம் தேதி இறந்தார். எச்சங்கள் பின்னால் இழுக்கப்பட்டுப் பல இடங்களில் சிதறின. 1943 நவம்பர் முதல் கணக்கிட்டால் ஒன்பது மாதங்கள். அதில் சண்டையிட்டது இரண்டு மாதம்கூட நிறையவில்லை.

எண் மட்டும் அத்துடன் முடியவில்லை. 1944 செப்டம்பரில், ஜெர்மனியின் வடக்கிலுள்ள ஃப்ளென்ஸ்பர்க் பக்கம் உருவாகிக்கொண்டிருந்த 581-ஆவது ஃபோல்க்ஸ்கிரனடியர் (போரின் கடைசிக் கட்டத்தில் அவசரமாகத் திரட்டப்பட்ட காலாட்படை) டிவிஷனுக்கு 352 என்ற எண்ணையும், அதன் ரெஜிமென்ட்களுக்குப் பழைய 914, 915, 916 என்ற எண்களையும் சூட்டினார்கள். ஆட்களில் பெரும்பாலோர் கப்பலும் விமானமும் இல்லாமல் வேலையற்றுப்போன கடற்படை, விமானப்படைப் பணியாளர்கள். டிசம்பர் 16-இல் தொடங்கிய ஆர்டென் தாக்குதலில், பிராண்டன்பெர்கரின் ஏழாவது சேனையின் கீழ் ‘ஊர்’ (Our) என்னும் ஆற்றைக் கடந்து லக்ஸம்பர்க்கில் டீகிர்ஷையும் எட்டல்ப்ரூக்கையும் பிடித்தது இந்தப் படைதான். ஒரு வாரத்துக்குள் அமெரிக்கத் தளபதி பேட்டனின் மூன்றாவது சேனை தெற்கிலிருந்து வந்து அதைத் திருப்பித் தள்ளிற்று. ஆகவே பழைய ஆவணங்களிலோ பதக்கப் பட்டியல்களிலோ 916-ஆவது ரெஜிமென்ட் என்று கண்டால் முதலில் தேதியைப் பார்க்க வேண்டும். 1944 ஆகஸ்டுக்கு முந்தையதானால் அது நார்மண்டிப் படை. செப்டம்பருக்குப் பிந்தையதானால், ஒமாஹாவைக் கண்ணாலும் காணாத பெரும்பான்மையைக் கொண்ட வேறொரு படை.